கீழ் வீடு யாருக்கு?

லேத்காரரின் வலது கையில் மூன்று விரல்கள் உடைந்திருந்தன. வாசல் நிலையில் கையை அழுத்திப் பிடித்துக்கொண்டு, கதவை இரண்டு தடவை ஓங்கிச் சாத்தியிருக்கிறார்கள். இருபத்திரண்டு வருஷமாக இரும்பை மயிரிழை பிசகாமல் கடைந்த கை. இப்போது ஆஸ்பத்திரிக் கட்டிலில், தலையணை மேல், மாவுக்கட்டோடு யாருடையதோ மாதிரி கிடந்தது.

ரேடியோ அதைப் பார்க்காமல் ஜன்னலைப் பார்த்தான்.

அவனுக்கு அந்தப் பெயரை வைத்தது சொந்தக்காரர்கள். வாயைத் திறந்தால் மூடத் தெரியாது. நாற்பத்து மூன்று வயதில் ஏழு வேலை பார்த்து ஏழையும் வாயால் கெடுத்துக்கொண்டவன். எட்டாவதாக அண்ணியிடம் வந்து சேர்ந்தான். அண்ணன் இறந்த பிறகு கோர்ட் ரெக்கார்டு அறை உத்தியோகத்தை உதறிவிட்டு, வக்கீல்களுக்காக ரகசிய விசாரணை செய்து கொடுக்க ஆரம்பித்தவள் அண்ணி. ஊரெல்லாம் அவளை 'மேடம்' என்றது. ரேடியோவுக்கு மட்டும் அண்ணி.

வழக்கு சாதாரணமானதுதான். லேத்காரர் வாடகைக்கு இருப்பது ஒரு மாடி வீட்டின் கீழ்ப் பகுதி. மாடியில் வீட்டுக்காரர், ஓய்வு பெற்ற பஸ் டிரைவர், மனைவி இல்லாதவர். 'என் மகளும் மருமகனும் குடிவரப் போகிறார்கள், எங்கள் சொந்த உபயோகத்துக்குக் கீழ் வீடு வேண்டும், காலி செய்யச் சொல்லுங்கள்' என்று அவர் மனுப் போட்டிருந்தார். அந்த மகளையோ மருமகனையோ லேத்காரர் குடும்பம் பார்த்ததே இல்லை. அது பொய், வீட்டை விற்கப் பார்க்கிறார் என்றார் லேத்காரரின் வக்கீல். பொய்யென்று நிரூபிக்கத்தான் அண்ணியை அமர்த்தினார்.

பாதி வேலையை ரேடியோ முடித்தும் விட்டான். மருமகனுக்கு வேறு ஊரில் பெரிய வீடு, சொந்த லாரி ஷெட். சாமான் ஏற்றும் கம்பெனி ஆள் மாதிரி அவனுக்குப் போன் போட்டுப் பேசினான் ரேடியோ. "நான் எதுக்குய்யா அங்க குடி போகணும்?" என்று மருமகனே சொல்லிவிட்டான். அப்புறம் என்ன, வழக்கு ஜெயித்த மாதிரிதான் என்று அன்றைக்கு இரண்டு டீ குடித்தான்.

மூன்றாம் நாள் பட்டப்பகலில் இது நடந்துவிட்டது.

"எத்தனை பேர் வந்தாங்க?" என்று அண்ணி கேட்டாள்.

"மூணு பேரு." பதில் சொன்னது லேத்காரரின் மனைவி. நெற்றிக்கு மேலே எட்டுத் தையல். ஒரு கண் வீங்கி மூடியிருந்தது. "என் தலைமுடியைப் பிடிச்சு சமையல் மேடையில மோதினான் ஒருத்தன். அதோட எனக்கு நெனப்பு இல்ல. வீட்டுக்காரன் ஏவி விட்ட ரவுடிங்கதான் மேடம். இதுல விசாரிக்க என்ன இருக்கு?"

"போலீஸும் அப்படித்தான் எழுதியிருக்கு. அவரைக் கூப்பிட்டு விசாரிச்சிட்டு விட்டுட்டாங்க." அண்ணி கட்டில் பக்கம் குனிந்தாள். "அவங்க உங்ககிட்ட என்ன சொன்னாங்க? சொன்ன வார்த்தை அப்படியே வேணும்."

லேத்காரர் உதட்டை நனைத்துக்கொண்டார். "'பூட்டிட்டு வா, பூட்டிட்டு வா'ன்னு கத்தினான். வீட்டைப் பூட்டிட்டு வெளிய வாடான்னு அர்த்தம். முடியாதுன்னேன். கதவைச் சாத்தினான். மறுபடி அதையே கேட்டான். மறுபடி முடியாதுன்னேன். கடைசியில வாசக் கதவையே பேத்துட்டானுங்க."

"காது நல்லாக் கேக்குமா?"

"லேத் சத்தத்துல பாதி போயிடுச்சு. ஆனா மூஞ்சிக்கு நேரா வந்துதானே கத்தினான்."

ரேடியோவால் அதற்கு மேல் சும்மா இருக்க முடியவில்லை. "பூட்டிட்டு வான்னு சொல்றவன் எதுக்கு அண்ணி வாசக் கதவையே பேத்து எடுக்கணும்? அப்புறம் எதைப் பூட்டுறது, வாயையா?"

அண்ணி அவனைத் திரும்பிப் பார்த்தாள். வழக்கமாக அது 'வாயை மூடு' என்ற பார்வை. இன்றைக்கு வேறு மாதிரி இருந்தது.

"வீட்டைப் பார்க்கணும். இப்பவே" என்றாள்.

*

மாற்றுத் துணி எடுக்க வேண்டுமென்று லேத்காரரின் மனைவியும் கூடவே வந்தாள்.

வீடு போர் நடந்த இடம் மாதிரி இருந்தது. வாசல் கதவு ஒரு கீலில் தொங்கியது. அதன் விளிம்பில் காய்ந்த ரத்தம். இரட்டைக் கட்டில் குப்புறக் கிடந்தது. துணி அலமாரியின் கதவு இரண்டாக உடைந்து, உள்ளே தொங்கிய புடவைகள் எல்லாம் தரையில். குளியலறைக் கதவில் ஒரு காலணித் தடம். சமையலறையில் தண்ணீர் டிரம் கவிழ்ந்து, பரணிலிருந்த அட்டைப் பெட்டிகள் சரிந்து கிடந்தன. சமையல் மேடையின் ஓரத்தில் இரண்டு மூன்று நீள முடி ஒட்டியிருந்தது. அந்த அம்மாள் அதைக் கையால் துடைத்துவிட்டுப் படுக்கையறைக்குள் போனாள்.

"மாடு புகுந்த மாதிரி இருக்கே. விடாம எல்லாத்தையும் உடைச்சிருக்கானுங்க" என்றான் ரேடியோ.

"எல்லாத்தையும் இல்ல." அண்ணி மேசையருகே நின்றாள். "டிராயர் அப்படியே இருக்கு. டிவி மேல கீறல் இல்ல. சாமி படத்துக்குக் கீழ இருக்கிற சின்ன அலமாரியைத் தொடவே இல்ல. கண்ணாடிப் பாத்திரம் ஒண்ணு கூட உடையல. காலி பண்ண வைக்கணும்னு வர்றவன் மொதல்ல எதை உடைப்பான்?"

"டிவியை. அதுதான் சத்தமா உடையும்."

"இவங்க கட்டிலுக்கு அடியில பார்த்திருக்காங்க. அலமாரியில, குளிக்கிற ரூம்ல, டிரம்ல, பரண் மேல. ரேடியோ, கை நுழையிற இடம் எதையும் தொடல. ஆள் நுழையிற இடமாப் பார்த்து உடைச்சிருக்காங்க."

ரேடியோ கவிழ்ந்து கிடந்த டிரம்முக்குள் எட்டிப் பார்த்தான்.

"ஆளையா தேடினாங்க?"

"லேத்காரருக்குப் பாதிக் காது. 'பூட்டிட்டு வா'ன்னு கேட்டுச்சாம்." அண்ணி மெதுவாகச் சொன்னாள். "அவன் கத்தினது 'கூட்டிட்டு வா'."

கூட்டிக்கொண்டு வா. இல்லாத ஒருத்தரைக் கூட்டிக்கொண்டு வரச் சொல்லி அந்த மனிதரின் விரல்களை நசுக்கியிருக்கிறார்கள். அவரோ வீட்டை விடமாட்டேன் என்று பதில் சொல்லிக்கொண்டிருந்திருக்கிறார்.

"அம்மா," அண்ணி படுக்கையறைப் பக்கம் குரல் கொடுத்தாள், "மாடியில ஏதாவது வித்தியாசமா சத்தம் கேக்குதா, கொஞ்ச நாளா?"

"ரெண்டு மாசமா எதையோ இழுக்கிற சத்தம். அந்த ஆள் ஒருத்தன்தான் இருக்கான், ஆனா நாளெல்லாம் தண்ணி விழுது. இப்போல்லாம் எங்களைக் கண்டா மூஞ்சியைத் திருப்பிக்கிறான். பேச்சே வக்கீல் மூலமாத்தான்."

அண்ணி கைப்பையிலிருந்து போனை எடுத்து இன்ஸ்பெக்டருக்குப் பேசினாள். சுருக்கமாக, அழுத்தமாக. வைத்துவிட்டு, "அரை மணி நேரத்துல ஆள் அனுப்புறாராம். கீழ தேடினவன் அடுத்து எங்க தேடுவான்?" என்றாள். பதிலுக்குக் காத்திருக்காமல் வெளிப்புறப் படிக்கட்டில் ஏறினாள்.

*

படிக்கட்டு ஒரு ஆள் அகலம்தான். மேலே, மாடி வாசலுக்கு எதிரில், சுவரில் ஒரு கதவு சாய்த்து வைக்கப்பட்டிருந்தது. கீல்களோடு கழற்றிய முழுக் கதவு. அடிப்பகுதி தண்ணீர் பட்டு உப்பியிருந்தது.

"பழைய சாமான் போல" என்றான் ரேடியோ.

"குளியலறைக் கதவு. உடையக் கூட இல்லையே, ஏன் கழட்டினார்?" அண்ணி தானே பதிலும் சொன்னாள். "ஒரு ஆளைக் கையில ஏந்திக்கிட்டுப் போனா, கதவு இடிக்கும். கீழ் வீடு மகளுக்குன்னுதானே கேட்டிருக்கார்."

அவள் தட்டுவதற்கு முன்பே வாசல் திறந்தது. வழுக்கைத் தலையும் வெறிபிடித்த கண்ணுமாக ஒரு கிழவர். கையில் பெரிய சுத்தியல்.

"என் பொணத்தைத் தாண்டித்தான்டா போகணும்!"

சுத்தியல் ரேடியோவின் காதோரமாக இறங்கி நிலையில் மோதி மரச் சிம்பு தெறித்தது. இரண்டாவது வீச்சு அவன் விலாவைத் தடவிக்கொண்டு போனது. ரேடியோ சுவரோடு ஒட்டிக்கொண்டு, "ஐயா, ஐயா, நான் அவங்க ஆள் இல்ல! என்னை யாரும் அடியாளா வச்சுக்க மாட்டாங்க, உடம்பைப் பாருங்க!" என்று கத்தினான்.

அண்ணி நடுவில் புகுந்தாள். "உங்க பொண்ணு மாடியில இருக்கிறது எங்களுக்குத் தெரியும். காப்பாத்தத்தான் வந்திருக்கோம்."

சுத்தியல் கிழவரின் கையிலிருந்து நழுவித் தரையில் விழுந்தது. அவர் அப்படியே நிலையைப் பிடித்துக்கொண்டு உட்கார்ந்துவிட்டார். மூச்சு வாங்கியது. சட்டைப் பொத்தானுக்கு இடையில், நெஞ்சைப் பிளந்து தைத்த தழும்பு தெரிந்தது.

உள்ளே, ஜன்னல் சாத்திய அறையில், கட்டிலில் அவள் இருந்தாள். முப்பது வயதிருக்கும். இடது கால் இடுப்பிலிருந்து கம்பிகளால் பிணைக்கப்பட்டிருந்தது. தாடை ஒரு பக்கம் கோணியிருந்தது. தலைமாட்டில் மடக்கிய சக்கர நாற்காலி.

"என் மருமகன் லாரிக்கு ஜாக்கி போடுற கம்பியால அடிச்சான்" என்றார் கிழவர் தரையிலிருந்தே. "இடுப்பு ரெண்டு இடத்துல உடைஞ்சிருச்சு. பக்கத்து வீட்டுக்காரங்க ராத்திரியோட ராத்திரியா ஆஸ்பத்திரியில சேர்த்து எனக்குச் சொன்னாங்க. அவன் அப்பவே இங்க வந்து வீட்டையெல்லாம் பார்த்துட்டு, இல்லைன்னு போனான். ரெண்டு மாசத்துக்கு முன்னாடிதான் இங்க கொண்டுவந்தேன். படியில என் முதுகுல சுமந்து ஏத்தினேன். என் நெஞ்சு தாங்கல. டாக்டர் தினம் பயிற்சிக்குக் கூட்டிட்டு வாங்கன்னு சொல்றார். எப்படிக் கொண்டு போவேன்? பொண்ணைக் குளிக்கிற ரூமுக்கு அப்பன் தூக்கிட்டுப் போற வயசா இது? கீழ இருந்தா நாற்காலியைத் தள்ளிக்கிட்டு அதுவே போயிக்கும்."

"மனுவில மருமகனும் வர்றதா எழுதியிருக்கீங்களே?"

"பொண்ணு மட்டும்னு எழுதினா ஏன், என்னன்னு கேப்பாங்க. ஊரெல்லாம் தெரியும். அவன் காதுக்குப் போகும். அதான் சேர்த்து எழுதச் சொன்னேன்." அவர் முகத்தைத் துடைத்தார். "அப்படியும் போயிடுச்சு. நாலு நாள் முன்னாடி போன் பண்ணிச் சிரிக்கிறான். 'கீழ் வீட்டுல எங்களைக் குடி வைக்கப் போறீங்களாமே மாமா, சாமான் ஏத்த வண்டி வேணுமான்னு எனக்குப் போன் வருது'ன்னு."

ரேடியோ விலாவைத் தடவிக்கொண்டிருந்த கையை எடுத்தான்.

அந்தப் போன் பேச்சு வார்த்தை விடாமல் அவனுக்கு நினைவிருந்தது. மருமகன் முதலில் எரிந்து விழுந்தான். பிறகு குரல் திடீரென்று இனிமையாகிவிட்டது. 'எந்த வீடு, மேலயா கீழயா?' என்று கேட்டான். ரேடியோ தன் சாமர்த்தியத்தில் தானே மயங்கிப்போய், 'கீழ் வீடுதான் சார், உங்க வீட்டம்மாவுக்குப் படியேற வேண்டாம் பாருங்க!' என்று சிரித்திருந்தான்.

"அண்ணி..." என்றான். "அது நான்தான்."

அண்ணி பதில் சொல்வதற்குள் கீழே வண்டிக் கதவுகள் சாத்தும் சத்தம் கேட்டது. ஒன்று, இரண்டு, மூன்று.

*

பிறகு நடந்ததை ரேடியோ யாரிடமும் முழுசாகச் சொன்னதில்லை.

அவன் யோசிக்கவில்லை. வெளியே பாய்ந்து, சுவரில் சாய்ந்திருந்த கதவை இரண்டு கையாலும் தூக்கிப் படிக்கட்டின் குறுக்கே நிறுத்தி, தோளைக் கொடுத்துத் தள்ளினான். ஏறிக்கொண்டிருந்த முதல் ஆள் மல்லாந்து அடுத்தவன் மேல் விழுந்தான். ஒருவனுடைய தலை படி விளிம்பில் பட்ட சத்தம், தேங்காய் உடைந்தது போலக் கேட்டது. அவன் அதற்கு மேல் எழுந்திருக்கவில்லை.

இரண்டாமவன் எழுந்தான். கையில் நாலு பக்கமும் கொம்பு நீட்டிய வீல் ஸ்பானர். கதவின் மேல் ஓங்கி அடித்தான். பலகை பிளந்து, இரும்பு ரேடியோவின் தோளில் இறங்கியது. காறை எலும்பு முறிந்ததை அவன் காதாலேயே கேட்டான். ஆனாலும் விடவில்லை. கதவின் விளிம்பைப் பற்றி இழுத்த விரல்களின் மேல் அண்ணி கிழவரின் சுத்தியலை எடுத்து இறக்கினாள். ஒரு தடவை. அலறல். இன்னொரு தடவை. விரல்கள் மறைந்தன. அவன் படியில் சறுக்கிக்கொண்டே கீழே போனான்.

மூன்றாவது ஆள்தான் மருமகன். வெள்ளைச் சட்டை, நல்ல உயரம். கதவோடு சேர்த்து ரேடியோவை உதைத்துத் தள்ளினான். அண்ணியை ஒரு கையால் சுவரில் அறைந்தான். சுத்தியல் உள்ளே உருண்டது. அவன் கையில் நீளமான ஜாக்கிக் கம்பி.

வாசலில் கிழவர் அவன் இடுப்பைக் கட்டிப் பிடித்தார். மருமகன் அவர் தலையைப் பிடித்து நிலையில் மோதினான். ஒன்று. இரண்டு. கிழவரின் முகமெல்லாம் ரத்தம். பிடி மட்டும் தளரவில்லை.

"கீழ ஒளிச்சேன்னு பார்த்தா, மாடியிலயா வச்சிருக்கே?" என்று பல்லைக் கடித்துக்கொண்டே கம்பியை ஓங்கினான்.

ஓங்கிய கம்பி இறங்கவில்லை. அவன் வலது முழங்காலின் பின்பக்கத்தில் ஏதோ விழுந்தது. பச்சை மரம் முறிகிற சத்தம். மருமகன் ஊளையிட்டுக்கொண்டு சரிந்தான்.

பின்னால் லேத்காரரின் மனைவி நின்றுகொண்டிருந்தாள். கையில் அவள் வீட்டு வாசற்கதவுக்குக் குறுக்கே போடும் இரும்புத் தண்டு. புருஷன் தன் லேத்தில் கடைந்து கொடுத்தது. தையல் பிரிந்து நெற்றியில் ரத்தம் வழிந்தது. "இவன்தான்," என்றாள் மூச்சு வாங்க, "கதவைச் சாத்தினவன் இவன்தான்." மறுபடியும் அடித்தாள். இந்தத் தடவை கம்பி பிடித்த கையில்.

கிழவர் தவழ்ந்து போய்ச் சுத்தியலை எடுத்தார். தரையில் துடிக்கும் மருமகனின் மார்பில் முழங்காலை ஊன்றினார். இரண்டு கையாலும் சுத்தியலைத் தலைக்கு மேலே தூக்கினார். அந்த முகத்தைப் பார்த்து ரேடியோ கண்ணை மூடிக்கொண்டான். தடுக்க வேண்டுமென்று அவனுக்குத் தோன்றக்கூட இல்லை.

"அப்பா!"

கோணிய தாடையிலிருந்து வந்த குரல், ஆனால் தெளிவாக இருந்தது. அவள் கட்டில் விளிம்பைப் பிடித்து அரைவாசி எழுந்திருந்தாள்.

"நீங்க ஜெயிலுக்குப் போயிட்டா என்னை யாருப்பா தூக்குவா?"

சுத்தியல் அந்தரத்திலேயே நின்றது. வெகுநேரம் நின்றது. பிறகு கிழவரின் கை மெதுவாகத் தரைக்கு வந்தது. அவர் குலுங்கி அழுதார்.

போலீஸ் ஜீப் வரும் சத்தம் தெருமுனையில் கேட்டது. லேத்காரரின் மனைவி கிழவர் பக்கம் திரும்பினாள்.

"முந்தாநாள் கீழ நாங்க கத்தினது உங்களுக்குக் கேட்டுச்சா?"

"கேட்டுச்சும்மா."

"கதவைத் திறக்கல."

"திறக்கல" என்றார் கிழவர். "தாழ்ப்பாள் போட்டுக்கிட்டு இவ வாயைப் பொத்திக்கிட்டு உக்காந்திருந்தேன்."

அவள் அவரையே பார்த்தாள். தண்டை இன்னும் கீழே வைக்கவில்லை. பிறகு கட்டிலில் கிடந்த பெண்ணைப் பார்த்தாள். கம்பிகளைப் பார்த்தாள்.

"பொண்ணு இப்படிக் கிடக்குதுன்னு ஒரு வார்த்தை சொல்லியிருக்கக் கூடாதா? வக்கீல் நோட்டீஸ்தான் அனுப்பத் தெரியுமா?" என்றாள். தண்டைச் சுவரோரம் வைத்துவிட்டு உள்ளே போய், பாதி எழுந்தபடி தவித்துக்கொண்டிருந்தவளின் முதுகுக்குக் கீழே கையைக் கொடுத்து, மெதுவாகப் படுக்க வைத்தாள்.

*

மறுநாள் பகலில் லேத்காரரின் கட்டிலருகே அண்ணி தன் விசாரணை முடிவைச் சொன்னாள்.

"மனு பொய். மருமகன் வரப்போறதே இல்ல. அதை வச்சு உங்க வக்கீல் வழக்கை ஜெயிச்சிடலாம். ஆனா தேவை நிஜம். அதையும் சேர்த்துத்தான் எழுதிக் குடுப்பேன். என் கையெழுத்துப் போட்டுப் பாதியை மறைச்சுக் குடுக்க முடியாது."

லேத்காரர் கூரையைப் பார்த்துக்கொண்டிருந்தார்.

ரேடியோ முன்னால் வந்தான். கழுத்திலிருந்து தூளி கட்டிய கை. வழியெல்லாம் எப்படி ஆரம்பிப்பது என்று யோசித்து வந்தவன். ஒரு வேடிக்கைப் பேச்சும் வாயில் வரவில்லை. "அந்த ஆளுக்குப் போன் பண்ணி, கீழ் வீடுன்னு சொன்னது நான்தான்" என்றான். "பெரிய புத்திசாலின்னு நெனச்சு சொன்னேன். உங்க கை போனதுக்குக் காரணம் நான்தான்."

லேத்காரர் அவன் பக்கம் திரும்பினார். கத்துவார் என்று ரேடியோ எதிர்பார்த்தான். கத்தியிருந்தால் கூடத் தேவலை.

"நீ வெளிய போய் நில்லு" என்றார் அவர். "உன்னைப் பார்த்துக்கிட்டு என்னால யோசிக்க முடியல."

ரேடியோ வெளியே போய் வராந்தாவில் நின்றான். கதவு முழுசாகச் சாத்தவில்லை. லேத்காரர் பக்கத்திலிருந்த மனைவியிடம் கேட்பது காதில் விழுந்தது.

"அந்தப் பொண்ணு எழுந்து நடக்குமா?"

"ஒரு வருஷம் ஆகுமாம். தினம் வெளிய கூட்டிட்டுப் போனாத்தான்."

"மேல் வீடு எப்படி? ரெண்டு ரூம்தானே?"

"ரெண்டு ரூம்தான். காத்து நல்லா வருது." அவள் சற்றுத் தயங்கினாள். "படி செங்குத்தா இருக்கு. பதினாறு படி."

அண்ணி ஏதாவது சொல்வாள் என்று ரேடியோ காத்திருந்தான்.

"சரி, வக்கீலுக்குப் போன் போடு. வீட்டை மாத்திக்கலாம்னு வீட்டுக்காரர்கிட்ட நானே பேசுறேன்" என்றார் லேத்காரர். "என் கையைத்தானே உடைச்சான். கால் ரெண்டும் நல்லாத்தான் இருக்கு."